சீமாட்டிக்கும் உங்களுக்கும் ஒரே கல்வெட்டு

வியாழக்கிழமைகளை எல்லாம் என்னோடு வாதாடுவதற்கென்றே ஒதுக்கி வைத்திருந்த என் றெஜினா அக்காவுக்கு,

நலமா என்று கேட்டுத் தொடங்க முடியாத கடிதம் இது. நான் நலம் என்று எழுதவும் மனம் வரவில்லை. கோபமாக இருக்கிறேன் அக்கா. யார் மேல் என்று கேட்டால் ஒரு பெயரோடு நிறுத்த முடியாது. உங்கள் தம்பி மேல், நம்முடைய சனத்தின் மேல், அந்த ஒனோரியா சீமாட்டியின் மேல். உங்கள் மேலும்தான். ஒரு வார்த்தை சொல்லாமல் கொள்ளாமல், காலையில் தேத்தண்ணீர் குடித்த கோப்பையை மேசையில் வைத்துவிட்டுப் போகிற வயதா உங்களுக்கு?

இதைப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டப்போவதில்லை. நம் கோயிலில் மாதாமாதம் பிரதி எடுத்துப் பங்கிடுகிற பத்திரிகைக்குக் கொடுக்கப்போகிறேன். உங்களைத் தெரியாதவர்களும் வாசிப்பார்கள். ஆகவே உங்களுக்குத் தெரிந்ததையே சில இடங்களில் உங்களுக்குச் சொல்வேன், பொறுத்துக்கொள்ளுங்கள். நீங்கள்தான் எதற்கும் விளக்கம் வேண்டும் என்று நிற்கிற ஆளாயிற்றே.

யாழ்ப்பாணத்தில் பெண்கள் பள்ளிக்கூடம் ஒன்றில் ஆங்கிலம் படிப்பித்தவர் நீங்கள். இத்தாலியின் பலெர்மோ நகரத்துக்கு வந்து, பொலிதேயாமா அரங்குக்குப் பக்கத்தில், நாம் சிஞ்ஞோரா என்று கூப்பிடுகிற வயதான இத்தாலிய அம்மா ஒருவரின் வீட்டில் சமைத்தீர்கள், துடைத்தீர்கள், வேளைக்கு வேளை மருந்து எடுத்துக் கொடுத்தீர்கள். கால்சாப் பகுதியில் எங்கள் வீட்டுக் கடைசி அறையில் குடியிருந்தீர்கள். நான், என் மனுசன், பிள்ளைகள், நீங்கள் எல்லாருக்கும் ஒரே குசினி. மீன் குழம்புக்குப் புளி எவ்வளவு விடுவது என்பதில்கூட உங்களுக்கும் எனக்கும் ஒத்துப்போனதில்லை.

மிச்சச் சண்டை எல்லாம் ஒனோரியா சீமாட்டியைப் பற்றித்தான்.

உங்கள் சிஞ்ஞோரா ஓய்வுபெற்ற ஆங்கில ஆசிரியை. கண் மங்கிப்போனதால் உங்களை வாசித்துக் காட்டச் சொன்னா. அவவின் அலுமாரியில் தோல் அட்டை போட்ட பழைய ஆங்கிலப் புத்தகங்கள் ஒரு தட்டு நிறைய இருந்தன. விக்ரோறியா மகாராணி காலத்தில் ஓர் ஆங்கிலப் பிரபுவுக்கு மகளாகப் பிறந்து, இன்னொரு பிரபுவுக்கு மனைவியாகி, கடைசியில் பலெர்மோவில் வந்து இருந்த ஒனோரியா என்ற சீமாட்டி எழுதியவை. சிஞ்ஞோராவுக்காக ஒருமுறை வாசித்தீர்கள். பிறகு உங்களுக்காக வாசித்தீர்கள். அதற்குப் பிறகு ஒருநாள், நான் கணவாய் மீன் வெட்டிக்கொண்டு நிற்கும்போது வந்து, "பிலோமினா, இவவைப் பற்றித் தமிழிலை ஒரு புத்தகம் எழுதப்போறன்," என்றீர்கள்.

"எழுதுங்கோ. வாசிக்கிறது ஆர்?" என்றேன். நீங்கள் சிரித்துவிட்டு, கணவாயைப் பெரிய துண்டாக வெட்டுகிறேன் என்று குறை சொன்னீர்கள்.

வியாழன் பின்னேரம் வீட்டு வேலைக்காரருக்கு ஓய்வு. மற்றவர்கள் பல்லரோச் சந்தையில் முருங்கைக்காய் தேடிப் போவார்கள், அல்லது ஊரோடு கதைக்க ரெலிபோன் கடையில் காத்து நிற்பார்கள். நீங்கள் எங்கள் குசினி மேசையில் இருந்து எழுதுவீர்கள். எழுதியதை எனக்கு வாசித்துக் காட்டுவீர்கள். நான் கேட்டுவிட்டுக் குறை சொல்வேன். அப்படியே சில வருடங்கள் ஓடிவிட்டன.

சீமாட்டியின் முதல் நாவல் ஓர் ஆணின் பெயரில் வந்ததாம். அதற்கு நீங்கள் தமிழில் 'வாடகைப் பெயர்' என்று தலைப்பு வைத்தீர்கள். ஒரு பிரபுவின் மகள் பெயரை மாற்றிக்கொண்டு, வேறொரு பிரபு வீட்டில் பிள்ளைகளுக்குப் படிப்பிக்கப் போகிறாள். முன்பு அவளோடு நடனமாடியவர்கள் அந்த வீட்டுக்கு விருந்துக்கு வருகிறார்கள். ஒருவருக்கும் அவளை அடையாளம் தெரியவில்லை, ஏனென்றால் சம்பளத்துக்கு நிற்கிறவளின் முகத்தை யாரும் பார்ப்பதில்லை. அந்த இடத்தை வாசிக்கும்போது உங்கள் குரல் ஒரு மாதிரிப் போனது. சிஞ்ஞோராவின் மகன் தெருவில் உங்களைக் கண்டால் தெரியாத ஆள் போலக் கடந்து போவதை அன்றைக்குத்தான் எனக்குச் சொன்னீர்கள்.

அந்த நாவலைச் சீமாட்டியின் தகப்பனே சாப்பாட்டு மேசையில் வைத்துப் புகழ்ந்தாராம். இதை எழுதியவன் உலகம் தெரிந்த ஆம்பிளை என்றாராம். மகள் குனிந்த தலை நிமிராமல் சூப் குடித்தாளாம். இதைச் சொல்லிவிட்டு நீங்கள் மேசையில் தட்டித் தட்டிச் சிரித்தீர்கள்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. உண்மையைச் சொன்னால் எனக்கு உங்கள் சீமாட்டியைப் பிடிக்கவே இல்லை. முகத்துக்கு நேரேயே சொல்லியிருக்கிறேன்.

"பத்து வேலைக்காரர் நிக்கேக்கை இருந்து எழுதுறது பெரிய காரியமோ? அவ ஒரு கோப்பை கழுவினவவோ? தன்ரை தலையைத் தானே இழுத்தவவோ?"

"பத்துப் பேர் நிண்டதுதான் கரைச்சல், பிலோமினா. ஒவ்வொருத்தரும் போய் மனுசனுக்குச் சொல்லுவினம். அதாலைதான் விடிய முன்னம் எழும்பி, குளிக்கிற அறையைப் பூட்டிப்போட்டு எழுதினவ."

"எங்களுக்குப் பூட்டுறதுக்கு ஒரு அறை கிடைச்சா நாங்களும் எழுதுவம்."

"அறை இருக்கு. உம்மடை மனுசன் ஷேவ் எடுத்து முடிஞ்சால் தாறார்," என்றீர்கள். உங்களோடு கதைத்து வெல்ல முடியாது.

சீமாட்டி பலெர்மோவுக்கு வந்தது நெஞ்சு நோய்க்கு என்று அந்தக் காலத்தில் எல்லாரும் நம்பினார்கள். கடற்காற்று ஒத்துக்கொள்ளும் என்று வைத்தியர் எழுதிக் கொடுத்தாராம். நீங்கள் நம்பவில்லை. நோய்க்காரி ஒருத்தி மலையேறி, கழுதைச் சவாரி செய்து, சந்தை சந்தையாகத் திரிந்து, எலுமிச்சைத் தோட்டங்களைப் பற்றி அவ்வளவு பெரிய பயணப் புத்தகம் எழுதுவாளா என்று கேட்டீர்கள். கணவரை விட்டுப் போகிறேன் என்று அந்தக் காலத்துச் சீமாட்டி சொல்ல முடியாது. இருமுகிறேன் என்று சொல்லலாம். நீங்களும் ஊரில் வேலைக்குப் போகிறேன் என்றுதானே சொல்லிவிட்டு வந்தீர்கள்? உங்கள் மனுசனின் குடியையும் கையையும் பற்றி எனக்கு மட்டும்தான் சொன்னீர்கள். அதையும் சீமாட்டியின் கதைக்கு நடுவில், வெங்காயம் உரித்துக்கொண்டு சொன்னீர்கள்.

அந்தப் பயணப் புத்தகத்தில் ஓர் அத்தியாயம் மட்டும் எனக்குப் பிடித்தது. சீமாட்டியின் சமையல்காரி ரொசாலியா பல்லரோவில் மீன்காரனோடு சண்டை பிடிப்பது. பழைய மீனின் செவுளைத் திறந்து அவன் மூக்குக்கு நேரே நீட்டுகிறாள். நான் போன கிழமை செய்ததை நூறு வருசத்துக்கு முன்னமே ஒருத்தி செய்திருக்கிறாளே என்று வாய்விட்டுச் சிரித்தேன். நீங்கள் வெற்றி பெற்றவர் போல என்னைப் பார்த்தீர்கள். சமையல்காரியின் பெயரைப் புத்தகத்தில் போட்டிருக்கிறா பார்த்தீரா என்றீர்கள். அவளுக்கு என்ன சம்பளம் கொடுத்தா என்று போட்டிருக்கிறாவா என்று நான் கேட்டேன்.

நாம் இரண்டு பேரும் அவ இருந்த வீட்டைத் தேடிப் போனதையும் எழுதத்தான் வேண்டும். எங்கள் தெருவிலிருந்து கூப்பிடு தூரம். இரண்டாம் உலக யுத்தத்தில் குண்டு விழுந்து பாதி இடிந்த மாளிகை, மிச்சப் பாதியில் நாலைந்து குடும்பங்கள், உப்பரிகை முழுவதும் காயப்போட்ட உடுப்பு. மேலே நின்ற பெண் யாரைத் தேடுகிறீர்கள் என்று கத்தினாள். "இந்த வீட்டிலை ஒரு பெரிய எழுத்தாளர் இருந்தவ," என்று நீங்கள் இத்தாலிய மொழியில் பதில் சொன்னீர்கள். "இங்கே என் மாமியார்தான் இருக்கிறா, அவவுக்குக் கையெழுத்தே வராது," என்றாள். அந்தப் பெண்ணோடும் நின்று அரை மணித்தியாலம் கதைத்தீர்கள்.

பிறகு கடலோரத்து ஆங்கிலேயர் கல்லறைக்குப் போனோம். பாசி பிடித்திருந்த சீமாட்டியின் கல்லைக் கைலேஞ்சியால் துடைத்தீர்கள். இன்ன பிரபுவின் மகள், இன்ன பிரபுவின் அன்பு மனைவி, பொறுமையும் பக்தியும் நிறைந்தவள் என்று இருந்தது. ஒரு புத்தகத்தின் பெயர்கூட இல்லை. எழுதினாள் என்ற சொல்லே இல்லை.

அன்றைக்கு நீங்கள் பட்ட ஆத்திரத்தை நான் வேறு எதற்கும் கண்டதில்லை. "இதை எழுதினது மனுசன். அவ செத்த பிறகு அவவின்ரை வாழ்க்கை வரலாறு எண்டு ஒரு புத்தகமும் எழுதினவர். தையல் வேலைக்கு இடையிலை பொழுதுபோக்காக் கதை எழுதினவவாம். தன்ரை கையைப் பிடிச்சபடி உயிர் விட்டவவாம். அந்த மாதம் அவர் லண்டனிலை நிண்டவர், பிலோமினா! அவற்றை புத்தகத்திலையே இன்னொரு பக்கத்திலை அது கிடக்கு!" என்று சுடலைக்குள் நின்று கத்தினீர்கள். காவல்காரன் எட்டிப் பார்த்தான். செத்துப்போன ஒரு வெள்ளைக்காரனோடு உங்களுக்கு என்ன இவ்வளவு பகை என்று நான் கேட்டேன். வாழ்ந்தவளின் கதையை உயிரோடு மிஞ்சியவர்கள் மாற்றி எழுதினால் அவள் இரண்டாம் முறையும் செத்துப்போகிறாள் என்றீர்கள். எனக்கு அப்போது அது கொஞ்சம் நாடகமாகப் பட்டது.

இனி உங்களுக்குத் தெரியாத பகுதிக்கு வருகிறேன்.

நீங்கள் போனதும் ரொறன்ரோவில் இருக்கிற உங்கள் தம்பி அருளுக்கு அறிவித்தோம். சண்டையால் ஊருக்குப் பாதை இல்லை, உடலை அனுப்ப வழி இல்லை. இங்கேயே அடக்கம் செய்தோம். முப்பத்தோராம் நாள் பூசையும் சாப்பாடும் என்று முடிவானது. அதற்குக் கல்வெட்டு அடிக்க வேண்டுமே. இளம் பிள்ளைகள் இதை வாசித்தால் கல்லைத் தேடப்போகிறார்கள், அவர்களுக்காகச் சொல்கிறேன்: கல்வெட்டு என்று நாங்கள் சொல்வது இறந்தவரின் வாழ்க்கையைப் பாட்டாகப் பாடி அச்சடிக்கிற சிறு புத்தகம். முப்பத்தோராம் நாளில் அதைப் பங்கிட்டு, குரல் உள்ள ஒருவர் சபையில் பாடுவார். பலெர்மோவில் அந்த ஒருவர் நான்தான். தவசு காலத்தில் யேசுவின் பாடுகளைச் சொல்லும் பசாம் பாடிப் பழகிய, யாழ்ப்பாணத்துத் தீவுப்பகுதித் தொண்டை. யார் செத்தாலும் என்னைத்தான் கூப்பிடுகிறார்கள்.

அருள் ரெலிபோனில், "அக்காவைப் பற்றி நாலு விசயம் சொல்லுங்கோ, கல்வெட்டுப் பாடுறவரிட்டைக் குடுக்க வேணும்," என்றார். நான் நாலு விசயமா சொன்னேன்? ரெலிபோன் கார்ட் முடியும்வரை சொன்னேன். பள்ளிக்கூடம், படிப்பித்த பிள்ளைகள், சிஞ்ஞோரா, சீமாட்டி, புத்தகம். போதாது என்று உங்கள் முதல் அத்தியாயத்தைப் பிரதி எடுத்து, பொலிதேயாமாவில் ஒரு கடையில் கொடுத்து பேக்ஸ் அனுப்பினேன். "பின்பக்கத்திலை இதைச் சேருங்கோ தம்பி, எல்லாரும் தேவாரமும் செபமும் சேர்க்கினம், நாங்கள் அவவின்ரை எழுத்தைச் சேர்ப்பம்," என்றேன். ஓம் ஓம் என்றார். அந்த ஓமை நான் நம்பினேன்.

அருள் வந்தார். சூட்கேஸ் நிறையக் கல்வெட்டு. வழுவழுப்பான தாள், தங்க எழுத்து. அட்டையில் நீங்கள் கலியாணக் கூறைச் சேலையில், கழுத்து நிறைய நகையோடு, எங்கே ஓடலாம் என்று பார்க்கிற முகத்தோடு நிற்கிறீர்கள். உள்ளே திறந்தேன்.

மன்னவன் மனையிற் புகுந்தநாள் முதலாய்
மாறிலா அன்பொடு பணிந்து
பொன்னெனக் கணவன் சொல்லினைப் போற்றிப்
பூவென வாழ்ந்தனள் அம்மா!

இப்படியே போகிறது. கணவர் புலம்பல் தனியாக ஒரு பக்கம். மருமக்கள் புலம்பலும் இருக்கிறது. ரொறன்ரோவில் பிறந்து உங்களைக் கண்ணாலும் காணாத பிள்ளைகள், மடியில் வைத்து வளர்த்தாயே மாமி என்று அழுகிறார்கள். நீங்கள் ஆசிரியை என்பது ஒரே ஒரு வரியில், 'கற்றவள்' என்று வந்து போகிறது. புத்தகம் இல்லை. சீமாட்டி இல்லை. நான் அனுப்பிய அத்தியாயம் இருக்க வேண்டிய இடத்தில் வருகை தந்தோருக்கு நன்றி சொல்லியிருக்கிறார்கள்.

உங்கள் அறையில் வைத்தே அருளைக் கேட்டேன்.

"தம்பி, இதிலை உங்கடை அக்கா எங்கை?"

"என்னக்கா கேக்கிறியள், பேரும் படமும் போட்டிருக்குத்தானே."

"அவ எழுதின புத்தகம்?"

"அக்கா, கல்வெட்டிலை ஒரு வெள்ளைக்காரியின்ரை கதையைப் போட்டால் சனம் சிரிக்காதே? எங்களுக்கும் அந்த மனுசிக்கும் என்ன சொந்தம்?"

"சரி, அதை விடுங்கோ. மனுசன் புலம்புற பாட்டு? அந்த மனுசன் செத்தவீட்டுக்கு ஒரு ரெலிபோன் கோல் எடுத்தவரோ?"

அவருக்குக் கண் கலங்கிவிட்டது. கட்டிலில் இருந்துவிட்டார். "அம்மா வாசிப்பா அக்கா. கொழும்புக்கு ஒரு ஆள் போறார், அவரிட்டைக் குடுத்துவிடப்போறன். தாலி கட்டினவனை விட்டிட்டுத் தன்ரை மகள் ஓடிவந்தவள் எண்டு இந்த வயசிலை அம்மா வாசிக்க வேணுமோ? அவவுக்கு ஒண்டும் தெரியாது. தெரியாமலே இருக்கட்டும்."

அந்தக் கண்ணீர்தான் கோபத்தை இன்னும் ஏற்றியது. கெட்டவன் என்றால் நாலு வார்த்தை ஏசிவிட்டுப் போயிருப்பேன். அழுகிற பிள்ளையை என்ன செய்வது? அந்தப் பிரபுவும் இப்படித்தான் யாரையோ காப்பாற்றுவதாக நினைத்துக்கொண்டு கல்லில் எழுதினாரோ என்னவோ.

முப்பத்தோராம் நாள் கோயில் மண்டபம் நிறைந்துவிட்டது. உங்கள் சிஞ்ஞோரா கறுப்பு உடுப்பில், கைத்தடியோடு முன்வரிசையில் வந்து இருந்தா. தமிழ் ஒரு சொல்லும் விளங்காது. பாடல் கேட்க வேண்டும் என்று வந்தா. எல்லார் கையிலும் கல்வெட்டு. நான் எழுந்து பாடினேன். காப்பு பாடினேன். ஊர்ச் சிறப்புப் பாடினேன். பிறப்புப் பாடினேன். அதுவரை பொய் இல்லை.

'மன்னவன் மனையிற்' என்று தொடங்கியதும் என் வாய் நின்றுவிட்டது. நடிக்கவில்லை அக்கா. இந்த ஒரு பாட்டைப் பாடினால் இனி உங்களை நினைக்கும் நேரமெல்லாம் இதுதான் காதில் கேட்கும் என்று பட்டது. புத்தகத்தை மூடி மேசையில் வைத்துவிட்டு, சபையைப் பார்த்து, பாடமாட்டேன் என்று தலையாட்டினேன். இது றெஜினா அக்கா இல்லை என்று எல்லாருக்கும் விளங்கட்டும் என்றுதான் செய்தேன்.

என்ன விளங்கியது தெரியுமா? எங்கள் தமிழ்ச் சங்கத் தலைவர் ஓடிவந்து தோளில் கை வைத்தார். "பாவம், தாங்கேலாமல் போச்சு. உடன்பிறப்பு மாதிரி இருந்தவை," என்று சபைக்குச் சொன்னார். பெண்கள் மூக்கைச் சிந்தினார்கள். ஒருவர் எனக்குத் தண்ணீர் கொண்டுவந்தார், இன்னொருவர் விசிறினார். மிச்சப் பாட்டை எல்லாரும் மனதுக்குள் வாசிக்கும்படி சொல்லிவிட்டுச் சாப்பாட்டுக்கு அழைத்தார்கள். அன்றைக்கு முழுவதும் என் பாசத்தைப் பற்றித்தான் பேச்சு. வாழ்க்கையில் ஒருமுறை சபையில் எதிர்த்து நின்றேன், அதையும் அழுகைக் கணக்கில் சேர்த்துவிட்டார்கள்.

சிஞ்ஞோரா மட்டும் என் கையைப் பிடித்து, "ஒனோரியாவைப் பற்றிப் பாடினீர்களா? பெயர் காதில் விழவில்லையே," என்று கேட்டா. இல்லை என்றேன். பெக்காத்தோ என்றா. அநியாயம் என்றும் அதற்குப் பொருள், பாவம் என்றும் பொருள். இரண்டும் சரிதான்.

இன்னொரு செய்தி. சீமாட்டியின் வீட்டைத் திருத்தத் தொடங்கிவிட்டார்கள். சாரம் கட்டி, வலை போட்டிருக்கிறார்கள். குடியிருந்தவர்களை எழுப்பிவிட்டார்கள், அந்த மாமியார் கதிரையோடு தெருவில் இருந்ததைக் கண்டேன். வாசலில் பளிங்குப் பலகை வைக்கப்போகிறார்களாம். வேலை பார்க்கிற மேஸ்திரியிடம் அந்த எழுத்தாளருக்கா என்று ஆசையாகக் கேட்டேன். இல்லையாம். எப்போதோ ஒரு நாள் அங்கே தங்கிப் போன ஒரு தளபதிக்காம். சீமாட்டி இருந்து எழுதியது இத்தனை வருசம், தளபதி காலணி கழற்றியது ஒரு பொழுது. அந்த இடத்திலேயே உங்களைப் போல நானும் கத்தினேன். என் மகன் என்னை இழுத்துக்கொண்டு வந்தான்.

உங்கள் புத்தகம் முடியாவிட்டாலும், எழுதினவரைக்கும் அச்சடிக்கலாம் என்று சங்கத்தில் கேட்டேன். கலைவிழாவுக்குப் பிறகு பார்ப்போம் என்றார்கள். கலைவிழா முடிந்தது. விளையாட்டுப் போட்டிக்குப் பிறகு என்றார்கள். உள்ளடக்கம் நம் பண்பாட்டோடு பொருந்துமா என்று ஒருவர் கேட்டார். அவர் ஒரு பக்கமும் வாசிக்கவில்லை. நான் சோர்ந்துபோனேன் அக்கா. வியாழக்கிழமைகளில் குசினி மேசையைப் பார்க்கவே பிடிக்காமல் வெளியே போய்விடுவேன்.

போன ஞாயிற்றுக்கிழமை ஒரு கோல் வந்தது. கொழும்பில், வெள்ளவத்தையில் இருந்து. உங்கள் அம்மா. ஊரிலிருந்து வந்து சொந்தக்காரரோடு இருக்கிறாவாம். நான் அவவோடு கதைத்ததே இல்லை. கல்வெட்டு கிடைத்துவிட்டது என்றா.

"வடிவான தாள், பிள்ளை. நல்லா அடிச்சிருக்கினம். நான் ரண்டு தரம் வாசிச்சனான். இது ஆற்றை மகளைப் பற்றினது?"

"அருள்தம்பி நீங்கள் கவலைப்படுவியள் எண்டு..." என்று இழுத்தேன்.

"என்னத்துக்குக் கவலை? அவளை பஸ் ஏத்தி விட்டதே நான்தானே. அந்தக் குடிகாரனிட்டை இனி ஒரு நாளும் இருக்காதை, போ எண்டு சொல்லி, சோறு கட்டிக் குடுத்து அனுப்பினனான். அருளுக்கு அது தெரியாது, அவன் அப்ப கனடாவிலை. நான் செய்த ஒரே ஒரு நல்ல காரியம் அது. அதைக் கல்வெட்டிலை காணேல்லை."

அருள் எதைத் தாயிடமிருந்து மறைத்தாரோ, அதைச் செய்தவவே தாய். எனக்கு அழுகையா சிரிப்பா என்று தெரியவில்லை. உங்களுக்கு இது தெரிந்துதானே இருந்தது? என்னிடம் ஏன் சொல்லவில்லை? அம்மாவின் பெயர் கெட்டுவிடும் என்றா? நீங்களும் ஒருவரைக் காப்பாற்றத்தான் பார்த்தீர்களா?

அம்மா விடவில்லை. "அந்தச் சீமாட்டியின்ரை கதை என்ன மாதிரி, பிள்ளை? அவள் எழுத எழுத, ஆரும் ஊருக்கு வந்தால் அவையிட்டை எனக்குக் குடுத்துவிடுவாள். ஷெல் விழேக்கையும் மடிக்கை வைச்சுக்கொண்டு திரிஞ்சனான். பலெர்மோவிலை வீடு எடுத்த இடத்தோடை நிக்குது. அவ கடைசியிலை மனுசனிட்டைத் திரும்பிப் போனவவோ?"

"இல்லை அம்மா. போகேல்லை. இஞ்சைதான் அடக்கம். நாங்கள் போய்ப் பார்த்தனாங்கள்."

"நல்லது," என்றா. பிறகு, "மிச்சத்தை ஆர் எழுதுறது?" என்று கேட்டா.

பள்ளிக்கூடத்தில் கட்டுரை எழுதச் சொன்னால் வயிற்றுவலி என்று படுத்தவள் நான். உங்கள் சீமாட்டியைக் கண்ணில் காட்டக்கூடாதவள் நான். இருந்தும், "நான் எழுதுறன் அம்மா," என்று என் வாய் சொல்லிவிட்டது.

ஆகவே அக்கா, இது என் வாக்கு. வியாழக்கிழமைகளில் சிஞ்ஞோராவிடம் போவேன். அவ சீமாட்டியைப் பற்றிச் சொல்லச் சொல்லக் கேட்டு எழுதுவேன். ஒத்துக்கொண்டுவிட்டா, கோப்பியும் தருவாவாம். சீமாட்டி இங்கே எப்படி முடிந்தா என்பதை அவவின் மனுசன் சொன்னபடி எழுதமாட்டேன். அதற்காக நல்லதை மட்டும் எழுதுவேன் என்றும் எதிர்பார்க்காதீர்கள். ஒரு கோப்பையும் கழுவாதவ என்பதை எழுதுவேன், ரொசாலியாவின் சம்பளத்தை மறைத்துவிட்டா என்பதையும் எழுதுவேன். எழுதி முடித்ததும் முழுவதையும் என் தொண்டையாலேயே கசெற்றில் வாசித்து அம்மாவுக்கு அனுப்புவேன்.

முதல் பக்கத்துக்கு உங்களைப் பற்றி ஏற்கெனவே எழுதிவிட்டேன். பாட்டாக வரவில்லை, வசனம்தான்: றெஜினா ஆங்கிலம் படிப்பித்தார். கணவனை விட்டு வந்தார். தாய் சோறு கட்டிக் கொடுத்து பஸ் ஏற்றிவிட்டார். பலெர்மோவில் வீடு துடைத்தார். இந்தப் புத்தகத்தை எழுதினார்.

உங்களோடு பிறக்காமல், சண்டை பிடித்தே உங்களுக்குத் தங்கையான
பிலோமினா
கால்சா, பலெர்மோ